முகத்தை மூடிய துண்டு

கண் அறுவை சிகிச்சைக்குப் பிறகு எப்படி இருக்க வேண்டும் என்று டாக்டர் சொன்னதையெல்லாம் டி.டி.ஆர். ஒன்று விடாமல் கேட்டுக்கொண்டார். குனியக் கூடாது. கனமாக எதையும் தூக்கக் கூடாது. கண்ணைக் கசக்கக் கூடாது. தூங்கும்போது பிளாஸ்டிக் மூடியை ஒட்டிக்கொண்டுதான் தூங்க வேண்டும். கண்ணுக்குள் குழாய்த் தண்ணீர் ஒரு சொட்டுகூடப் போகக் கூடாது. வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து ஓய்வு பெறும் வரைக்கும் ரயிலில் டிக்கெட் பரிசோதித்தவர். விதி என்று எதைச் சொன்னாலும் அவருக்குப் பிடிக்கும். இதுவரை அவர் மற்றவர்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தார், இப்போது தனக்கு ஒருவர் சொல்கிறாரே என்று கொஞ்சம் மனத்தாங்கல், அவ்வளவுதான்.

தலைக்குக் குளிப்பதைப் பற்றிக் கேட்டபோதுதான் சிக்கல் வந்தது.

"நீங்களா குளிக்காதீங்க. தலையப் பின்னால சாய்ச்சு வெச்சு இன்னொருத்தர் கழுவி விடணும்" என்றார் டாக்டர். "சலூன்ல அதுக்குன்னே பேசின் இருக்கும் பாருங்க, அதுதான் ரொம்ப சவுகரியம். தெரிஞ்ச சலூன் ஏதாவது இருக்கா?"

பக்கத்து நாற்காலியில் மகள் உட்கார்ந்திருந்தாள். அவள் நடத்துவதே சலூன்தான்.

"பாத்துக்கறேன் டாக்டர்" என்றார் டி.டி.ஆர்., கறுப்புக் கண்ணாடியைச் சட்டை நுனியில் துடைத்தபடி. மகள் மருந்துச் சீட்டை மடித்துக் கைப்பையில் வைத்துக்கொண்டாள்.

அவள் வணிகவியல் படித்தவள். ஒரு அலுவலகத்தில் உட்கார்ந்து இரண்டு வருஷம் கணக்கெழுதினாள். பிறகு அதை உதறிவிட்டு முடிவெட்டக் கற்றுக்கொண்டு, கடைசியில் சொந்தமாகக் கடையே போட்டுவிட்டாள். 'ஆண், பெண் இருபாலருக்கும்' என்று போர்டிலேயே எழுதியிருந்தது. அந்த 'ஆண்'தான் டி.டி.ஆருக்கு நெஞ்சில் தைத்தது. "ஊரான் தலையக் கழுவி விடறதுக்கா உன்னப் படிக்க வெச்சேன்?" என்று கேட்டார். ஒரே ஒரு முறைதான் கேட்டார். அதற்குப் பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை, அதைத் தன்னுடைய பெருந்தன்மை என்றும் நினைத்துக்கொண்டார். கடை திறந்த அன்று அவருக்கு முதுகுவலி வந்துவிட்டது. மனைவி மட்டும் போய் முதல் ஆளாக முடி வெட்டிக்கொண்டு வந்தாள். அழகாகத்தான் இருந்தது. அதையும் அவர் சொல்லவில்லை.

மனைவி இறந்த பிறகு, கடைக்கு இரண்டு தெரு தள்ளி ஒரு கட்டடத்தில் மகள் அவருக்கு வீடு பார்த்துக் கொடுத்தாள். மூன்றாவது மாடி, நல்ல காற்று. பக்கத்தில் இருந்தால் அடிக்கடி வந்து பார்க்கலாம் என்பது அவள் எண்ணம். அவர் கடைப்பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. அந்தத் தெரு வழியாகப் போயே தீர வேண்டும் என்றால் எதிர்ப்புற நடைபாதையில், மருந்துக் கடையின் விளம்பரப் பலகைகளை ஆராய்ந்துகொண்டே கடந்துவிடுவார். கண்ணாடிக் கதவுக்குப் பின்னாலிருந்து மகள் அதைப் பல தடவை பார்த்திருக்கிறாள்.

ஆக, அது அவளுக்குத் தெரியும். தெரியாத விஷயம் ஒன்று இருந்தது.

புதுக் கட்டடத்தில் அவரை யாருக்கும் முன்பின் தெரியாது. இரண்டாவது மாடியில், வீட்டிலேயே பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்கும் டியூஷன் டீச்சர் ஒருநாள் படிக்கட்டில் அவரை நிறுத்தி, அவருடைய பிள்ளைகள் எங்கே இருக்கிறார்கள் என்று விசாரித்தார். "ஒரே பொண்ணு. வெளிநாட்டுல ஆடிட்டரா இருக்கா" என்று டி.டி.ஆர். சொல்லிவிட்டார். திட்டம் போட்டுச் சொன்ன பொய் இல்லை, வாயில் வந்துவிட்டது. ஆனால் வந்ததை அவர் அப்படியே விட்டிருக்கலாம். விடவில்லை. டீச்சர் பார்க்கும்போதெல்லாம் கேட்க, இவரும் சளைக்காமல் சொல்ல, போன மாதம் அந்த ஆடிட்டர் மகளுக்குப் பதவி உயர்வுகூடக் கிடைத்துவிட்டது.

அறுவை சிகிச்சை முடிந்து வீட்டுக்கு வந்த பிறகு, காலையும் மாலையும் மகள் ஸ்கூட்டரில் வந்து சொட்டு மருந்து போட்டாள். கடைக்குப் போகிற அவசரத்தில் ஹெல்மெட்டைக்கூடக் கழற்றாமல் மாடியேறுவாள். அவளுக்குப் பின்னாலேயே ஒருநாள் டீச்சரும் ஏறி வந்து, வாசலில் நின்றபடி யார் அந்தப் பெண் என்று கேட்டார். "நர்ஸ்" என்றார் டி.டி.ஆர். அந்த நேரத்தில் நர்ஸ் உள்ளே அவருக்கு ராத்திரிச் சாப்பாட்டைச் சூடு பண்ணிக்கொண்டிருந்தாள்.

இது மட்டும் அவள் காதுக்குப் போகக் கூடாது. கண்ணைப் பற்றிக்கூட அவருக்கு அவ்வளவு பயம் இல்லை. மகளின் தொழிலைப் பிடிக்காத அப்பாவை அவள் மன்னித்திருந்தாள், அல்லது சகித்துக்கொள்ளப் பழகியிருந்தாள். மகள் இங்கே இருப்பதையே மறைத்த அப்பா என்று தெரிந்தால் பிறகு மாடியேறி வருவாளா என்பது அவருக்கே சந்தேகமாக இருந்தது.

ஒரு வாரம் ஈரத்துணியால் துடைத்துச் சமாளித்தார். அதற்கு மேல் முடியவில்லை. தலை அரித்தது, சொறிந்தால் நகத்தில் எண்ணெய்ப் பிசுக்கு ஏறியது. ஒருநாள் காலை மகள் அவரைக் குளியலறையில் நாற்காலி போட்டு உட்கார வைத்து, கை கழுவும் தொட்டியின் விளிம்பில் பின்தலையைச் சாய்த்துப் பார்த்தாள். விளிம்பு கழுத்தை அறுத்தது. அவர் நெளிய, குவளைத் தண்ணீர் நெற்றிப் பக்கம் ஓடியது. கண் வரைக்கும் போவதற்குள் அவள் உள்ளங்கையால் தடுத்துவிட்டாள். இரண்டு பேருக்கும் உயிர் போய் உயிர் வந்தது.

"ஒழுங்கா கடைக்கு வாங்கப்பா" என்றாள், கையைத் துடைத்துக்கொண்டே.

"ஆளுங்க வந்து போற இடம்."

"செவ்வாய்க்கிழமை மத்தியானம் ஈ ஓட்டிக்கிட்டுதான் இருப்பேன்."

"திரையப் போட்டுடுவியா?"

"போடறேன்."

"மூடியிருக்குன்னு போர்டத் திருப்பி வெச்சுடு."

"சரிப்பா."

எதற்கு என்று அவள் கேட்கவில்லை. ஏன் கேட்கவில்லை என்று அவரும் யோசிக்கவில்லை. யோசிக்கிற மனிதராக இருந்திருந்தால் இந்தக் கதையே நடந்திருக்காது.

செவ்வாய்க்கிழமை மத்தியானம், கறுப்புக் கண்ணாடியும் மகளின் கையும் துணையாக, டி.டி.ஆர். முதல் தடவையாகக் கடைக்குள் கால் வைத்தார். எப்படியோ இருக்கும் என்று நினைத்திருந்தார். தரையில் ஒரு மயிர் இல்லை. சுவரோரம் மூன்று கண்ணாடிகள், மூன்று சுழல் நாற்காலிகள். அலமாரியில் வெள்ளைத் துண்டுகள் சுருட்டிச் சுருட்டி அடுக்கியிருந்தன. பின்பக்கம், பின் கதவுக்குப் பக்கத்தில், சாய்வு நாற்காலியும் அதன் தலைமாட்டில் கழுத்து வைக்கப் பள்ளம் விட்ட கறுப்புப் பேசினும் இருந்தன.

"இடுப்ப முன்னாடி தள்ளி உக்காருங்க. கழுத்து அந்தப் பள்ளத்துல சரியா பொருந்தணும். வலிக்குதா?"

"இல்ல."

கழுத்துக்கு அடியில் ஒரு துண்டை மடித்துக் கொடுத்தாள். கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி, தூங்கும்போது போடும் பிளாஸ்டிக் கண்மூடியை ஒட்டி, ஓரத்து டேப்பை விரலால் ஒரு முறை தடவிச் சரிபார்த்தாள். பிறகு காய்ந்த துண்டு ஒன்றை நீளவாக்கில் மடித்து நெற்றியிலிருந்து மேலுதடு வரைக்கும், கண்ணை அழுத்தாமல், மெல்லப் போர்த்தினாள்.

"கண்ண மூடியே வெச்சுக்கோங்க. என்ன ஆனாலும் சட்டுனு மட்டும் எழுந்திராதீங்க. எழுந்தா நுரைத் தண்ணி நேரா கண்ணுக்குள்ள இறங்கிடும். ஏதாவதுன்னா கையத் தூக்குங்க, நான் நிறுத்திடறேன்."

தண்ணீர் முதலில் பேசினில் விழுந்தது. பதமான சூட்டுக்கு வந்த பிறகுதான் அவர் தலைக்கு வந்தது. அவளுடைய இடது கை நெற்றி மயிரோரம் அணை மாதிரி நிற்க, வலது கை தண்ணீரைப் பின்னோக்கி விட்டது. பிறகு நுரை. பிறகு விரல்கள். உச்சியிலிருந்து காதோரம், காதோரத்திலிருந்து பிடரி. ஒரு வார அரிப்பும் அந்த விரல்களுக்குக் கீழே கரைந்து போயிற்று. கடைசியாக யார் தன் தலையை இப்படித் தொட்டார்கள் என்று யோசித்துப் பார்த்தார், ஞாபகம் வரவில்லை. 'நல்லா இருக்கும்மா' என்று சொல்ல வாய் வந்துவிட்டது. சொல்லியிருப்பார் என்றுதான் நினைக்கிறேன்.

கதவு திறந்தது.

"மூடியிருக்குன்னு போர்டு சொல்லுது, உள்ள லைட்டு எரியுதேன்னு எட்டிப் பார்த்தேன்" என்றது ஒரு குரல்.

ஆள் யாரென்று டி.டி.ஆருக்கு உடனே தெரிந்தது. பெருக்கல் வாய்ப்பாட்டை மூன்று மாடிக்கும் கேட்கும்படி ஒப்பிக்க வைக்கும் குரல் அது.

"உக்காருங்க டீச்சர்" என்றாள் மகள். போர்டைத் திருப்பியவள் கதவைப் பூட்ட மறந்திருந்தாள். "கொஞ்சம் நேரமாகும். இவரு கண் ஆபரேஷன் பண்ணிக்கிட்டவரு. நிதானமாத்தான் செய்யணும்."

"ஆகட்டும், ஆகட்டும். எனக்கென்ன அவசரம், நுனி மட்டும் வெட்டினா போதும்." நாற்காலி கிரீச்சிட்டது. "எங்க பில்டிங்லயும் ஒருத்தர் பண்ணிக்கிட்டிருக்கார். மேல் வீட்டுக்காரர். ரயில்ல டி.டி.ஆரா இருந்தவர்."

"ம்" என்றாள் மகள். விரல்கள் ஓடிக்கொண்டே இருந்தன. பேச்சை மாற்ற அவள் ஏதோ சொல்ல வந்தாள். ஆனால் அந்த டீச்சர் மூச்சு விட்டால்தானே இடைவெளி கிடைக்கும்.

"நல்ல மனுஷன். ஆனா பாருங்க, கவனிக்க ஆளில்ல. ஒரே பொண்ணு. வெளிநாட்டுல ஆடிட்டராம். போன மாசம்தான் ஏதோ பெரிய போஸ்ட் குடுத்திருக்காங்க."

விரல்கள் நின்றன.

துண்டுக்குக் கீழே டி.டி.ஆர். மூச்சைப் பிடித்துக்கொண்டார். டிக்கெட் இல்லாதவர்கள் ரயில் கழிப்பறைக்குள் தாழ் போட்டுக்கொண்டு இப்படித்தான் நிற்பார்கள். வெளியில் நின்று கதவைத் தட்டுகிற சுகம் அவருக்குத் தெரியும். உள்ளே நிற்பது எப்படி இருக்கும் என்பது இப்போதுதான் தெரிந்தது.

"என்ன போஸ்ட் இருந்து என்ன?" என்றார் டீச்சர். "பெத்த அப்பாவுக்குக் கண்ணுல கத்தி வெச்சிருக்காங்க. ஒரு எட்டு வந்து பாக்க முடியல அந்த மகாராணிக்கு. சொட்டு மருந்து போடறதுக்கு ஒரு நர்ஸ் வர்றா. ஹெல்மெட்டக்கூடக் கழட்டாம குடுகுடுன்னு மாடி ஏறுவா. அந்தப் பொண்ணுக்கு இருக்கிற அக்கறை சொந்தப் பொண்ணுக்கு இல்ல."

"நர்ஸுன்னு யாரு சொன்னாங்க டீச்சர்?"

"அவரேதான் சொன்னாரு."

மகளின் ஹெல்மெட் கதவோரக் கொக்கியில் தொங்கிக்கொண்டிருந்தது. டீச்சர் அதைப் பார்த்துக்கொண்டேதான் பேசியிருப்பார். ஹெல்மெட் ஊரில் எல்லோரிடமும் இருக்கிறது.

கையைத் தூக்கினால் போதும், அவள் நிறுத்திவிடுவாள். டி.டி.ஆரின் கை நாற்காலியின் பிடியில் இருந்தது. அவர் தூக்கவில்லை. அசையக் கூடாது என்று அவளே சொல்லியிருக்கிறாளே என்று தனக்குத் தானே ஒரு சமாதானம் சொல்லிக்கொண்டார். அந்த நேரத்திலும் அவருக்கு ஒரு விதி கிடைத்துவிட்டது.

தண்ணீர் மறுபடி பேசினில் விழும் சத்தம் கேட்டது. சூடு சரியாக வரும் வரைக்கும் அவள் காத்திருந்தாள். இடது கை பழைய இடத்தில் வந்து அணையாக நின்றது. நுரையை அலசினாள். கோபத்தில் ஒரு மயிரைச் சுண்டி இழுத்திருந்தால் தாங்கியிருப்பார். ஒரு சொட்டு அதிகச் சூடாக விழுந்திருந்தாலும் நிம்மதியாக இருந்திருக்கும். இரண்டும் நடக்கவில்லை. டீச்சர் வருவதற்கு முன்னால் எவ்வளவு ஜாக்கிரதையாகக் கழுவினாளோ அதே ஜாக்கிரதையோடு கழுவினாள். நெற்றியைத் தாண்டி ஒரு துளி வரவில்லை.

"அந்தப் பொண்ணுக்கு வர முடியாத நிலைமையா இருக்கும் டீச்சர்" என்றாள் மகள்.

"என்ன நிலைமை, வெட்டி முறிக்கிற நிலைமை?"

"யாருக்குத் தெரியும்? அந்தப் பொண்ணுக்கே தெரியாம இருக்கலாம்."

டி.டி.ஆருக்கு அவமானமாக இருந்தது. மகள் சலூன் வைத்திருக்கிறாள் என்பதில் இத்தனை வருஷம் பட்டதாக நினைத்த அவமானமெல்லாம் இதன் பக்கத்தில் வெறும் வீறாப்பு. இப்போது காது மடல் வரைக்கும் சுட்டது. அந்தச் சூடு அவளுடைய விரல்களுக்குத் தெரிந்திருக்கும், கை அங்கேதான் இருந்தது.

அவள் குனிந்து, டீச்சருக்கும் கேட்கும்படியாகவே சொன்னாள்: "முடிஞ்சிடுச்சு சார். தலையத் துவட்டினதும் நீங்க பின் கதவு வழியாவே போயிடலாம். முன்பக்கம் வெயிலு, கண்ணு கூசும்."

அவருக்குத் தப்பிக்க ஒரு வழியையும் திறந்துவிட்டு, அதற்குப் பொருத்தமான ஒரு காரணத்தையும் கொடுத்துவிட்டாள். அதுவும் 'சார்' என்று. அவள் பேசப் பழகிய நாளிலிருந்து அவள் வாயால் அப்பா என்பதைத் தவிர வேறு சொல்லைக் கேட்டறியாதவர், அந்த 'சாரை'க் கேட்டதும் உடைந்துபோனார். சத்தம் வரவில்லை. கண்மூடிக்கு அடியிலிருந்து தண்ணீர் கசிந்து, பொட்டு வழியாக இறங்கிக் காதுக்குள் போயிற்று.

துண்டின் ஓரத்தைத் தூக்கிய மகள் அதைப் பார்த்துவிட்டாள்.

"அப்பா" என்றாள். "அப்பா, தண்ணி உள்ள போயிடுச்சா? கசக்காதீங்கப்பா. கண்ணத் திறக்காதீங்க. எரியுதா? எங்கிட்ட சொல்லுங்கப்பா."

கைக்குழாய் பேசினில் விழுந்து தானாக ஓடிக்கொண்டிருந்தது. டீச்சர் புரட்டிக்கொண்டிருந்த பத்திரிகையின் சத்தம் நின்றுவிட்டது.

"போகலம்மா" என்று முணுமுணுத்தார் டி.டி.ஆர். "நான் அழுதுட்டேன்."

அவள் நீளமாக ஒரு மூச்சு விட்டாள். குழாயை மூடினாள். சுத்தமான பஞ்சை எடுத்து, கண்ணைத் தொடாமல், கன்னத்தையும் காதோரத்தையும் மட்டும் ஒற்றி எடுத்தாள். அதற்குப் பிறகுதான் கடையில் இன்னொரு ஆள் இருக்கும் ஞாபகம் வந்தது அவளுக்கு.

"வயசானவங்க யாரு வந்தாலும் அப்பான்னுதான் டீச்சர் கூப்பிடுவேன்" என்றாள் சிரித்தபடி. "வாய்ப் பழக்கம்."

"நல்ல பழக்கம்தானே, அதனாலென்ன?" என்றார் டீச்சர். நம்பிவிட்டார்.

தலையில் துண்டைச் சுற்றி, முதுகில் கை கொடுத்து, மகள் அவரை மெதுவாக நிமிர்த்தினாள். பின் கதவு இடது கைப்பக்கம், எட்டினால் தொட்டுவிடலாம். துண்டை முன்னால் கொஞ்சம் இழுத்துவிட்டுக்கொண்டு போனால் யாருக்கும் ஒன்றும் தெரியாது. அவள் அதற்காகவே அதைக் கொஞ்சம் தளர்வாகச் சுற்றியிருந்தாள்.

டி.டி.ஆர். துண்டைப் பின்னால் தள்ளிவிட்டு முன்பக்கம் திரும்பி உட்கார்ந்தார்.

"டீச்சர், மேல் வீட்டுக்காரன் நான்தான்" என்றார். "வெளிநாட்டுல இருக்கிற பொண்ணு இவதான். மருந்து போட வர்ற நர்ஸும் இவதான். பொய் சொன்னது நான்."

டீச்சர் எழுந்தார், உட்கார்ந்தார், மறுபடி எழுந்தார். "ஐயோ, நான் ஏதோ தெரியாம..." என்று அவரிடம் ஆரம்பித்து, மகளிடம் திரும்பி, அங்கேயும் முடிக்க முடியாமல், "அப்புறமா வர்றேம்மா" என்று பையை எடுத்துக்கொண்டு போய்விட்டார். மகாராணி என்று சொன்னது பாவம் அவருக்கு அன்றைக்கெல்லாம் தொண்டையில் முள்ளாக நின்றிருக்கும்.

மகள் அவர் தலையைத் துவட்டினாள். சூடான காற்று கண்ணில் படும் என்று மெஷினை எடுக்கவில்லை. துண்டாலேயே, கொஞ்சம் கொஞ்சமாக ஒற்றி ஒற்றித் துவட்டினாள்.

"புரோமோஷன் எப்பப்பா குடுத்தீங்க?" என்றாள்.

"போன மாசம்."

"நல்ல கம்பெனியா?"

அவர் தலை குனியப் போனார். "குனியாதீங்க" என்று தாடையைப் பிடித்து நிமிர்த்தினாள்.

"வாங்க, வீட்டுல விட்டுட்டு வர்றேன்."

"நீ கடையப் பாரும்மா. நான் இங்கயே உக்காந்திருக்கேன்."

"இங்கயா? ஆளுங்க வந்து போற இடம்பா."

"இருக்கட்டும்."

அவள் ஒரு நிமிஷம் அவரைப் பார்த்தாள். பிறகு போய்த் திரையை விலக்கினாள், போர்டைத் திருப்பினாள். தெருவைப் பார்த்தாற்போல் போட்டிருந்த பெஞ்சில் டி.டி.ஆர். கறுப்புக் கண்ணாடியோடு உட்கார்ந்தார். எதிர் நடைபாதையில் மருந்துக் கடை தெரிந்தது. அங்கிருந்து பார்த்தால் இந்தக் கடை முழுக்கத் தெரியும் என்பது இங்கே வந்து உட்கார்ந்தால்தான் புரிகிறது.

சாயங்காலம் கூட்டம் வர ஆரம்பித்தது. கல்லூரிப் பெண் ஒருத்தி வந்தாள். "யாருக்கா அது?" என்று மெல்லக் கேட்டாள். "அவரையே கேளு" என்றாள் மகள். "நான் இவளோட அப்பா" என்றார் டி.டி.ஆர். அடுத்து வந்த குழந்தைக்கார அம்மாவிடமும் அதையே சொன்னார். அவர் சொல்வதைக் கேட்டு மகள் ஒரு தடவைகூடத் திரும்பவில்லை. கூட்டம் வந்ததிலிருந்து ஒரு முறைகூட அவரை அப்பா என்று கூப்பிடவும் இல்லை.

கடைசியாகப் பஸ் ஓட்டுநர் ஒருவர் சீருடையோடு வந்து நாற்காலியில் சாய்ந்தார். பேச்சுப் பிரியர். பெஞ்சில் இருப்பவர் யாரென்று தெரிந்ததும் கண்ணாடி வழியாகவே வணக்கம் வைத்தார்.

"கடை திறந்ததுலேர்ந்து இவங்ககிட்டதான் சார் முடி வெட்டிக்கறேன். ஒரு நாள்கூட உங்கள இங்க பார்த்ததில்லையே?"

கத்தரிச் சத்தம் நின்றது. ஓட்டுநரின் காதோரத்தில் சீப்பைப் பிடித்தபடி மகள் அப்படியே நின்றாள். மத்தியானத்திலிருந்து, இல்லை, கடை போட்ட நாளிலிருந்தே அவருக்காகக் காரணம் சொல்லிக்கொண்டிருந்தவள் அவள்தான். முதுகுவலி என்பாள், வெயில் என்பாள். இந்தத் தடவை அவள் ஒன்றும் சொல்லவில்லை.

"இங்க வர வெக்கப்பட்டேன் தம்பி" என்றார் டி.டி.ஆர்.

ஓட்டுநர் கண்ணாடியில் மகளின் கண் கலங்கியிருப்பதைப் பார்த்துவிட்டுச் சட்டென்று பார்வையை இறக்கிக்கொண்டார். கத்தரி மறுபடி ஓட ஆரம்பித்தது. இரண்டு வெட்டு வெட்டி நின்றது.

"ஆடாம இருங்கண்ணா" என்றாள் மகள்.

ஓட்டுநர் ஆடவே இல்லை.